வாசகர் கேள்வி–பதில்: ழாக் தாத்தி, கூட்டத்துக்குள் நகர்ந்துபோன நாயகன்

கே: பிரெஞ்சு நகைச்சுவைப் படக் கலைஞர் ழாக் தாத்தி நடிகராக இருந்து இயக்குநர் ஆனவரா, இயக்கிக்கொண்டே நடிக்க வந்தவரா?

ப: இரண்டுக்கும் முன்னால் ரக்பி ஆட்டக்காரர். 1907 அக்டோபர் 9 அன்று பாரிசுக்கு மேற்கே உள்ள ல பெக் என்ற ஊரில் பிறந்தார். முழுப்பெயர் ழாக் தாத்திஷெஃப், தந்தைவழியில் ரஷ்ய வம்சம். தாய்வழிக் குடும்பத்துக்குப் பாரிசில் ஓவியங்களுக்குச் சட்டம் போடும் தொழில். இளைஞரான தாத்தியையும் அதில்தான் பழக்கினார்கள். (பிற்காலத்தில் ஃபிரேம் விஷயத்தில் அவர் காட்டிய பிடிவாதத்துக்கு இதைக் காரணமாகச் சொல்பவர்கள் உண்டு. கேட்க நன்றாக இருக்கிறது, அவ்வளவுதான்.)

ரேசிங் கிளப் அணிக்காக ரக்பி ஆடிய காலத்தில், ஆட்டம் முடிந்ததும் நடக்கும் விருந்துகளில் சக ஆட்டக்காரர்களை அப்படியே நடித்துக் காட்டுவார். அது மேடைக்கு வந்தது. 1930களில் பாரிஸ் மியூசிக் ஹால்களில், அதாவது பாட்டும் வேடிக்கையும் கலந்த மேடை அரங்குகளில், டென்னிஸ் வீரர், கோல் கீப்பர், குத்துச்சண்டைக்காரர், குதிரையும் அதன் மேல் இருப்பவரும் என்று ஒரே உடம்பில் எல்லாவற்றையும் காட்டினார். அவர் ஆட்டக்காரராகவும் பந்தாகவும் மட்டையாகவும் ஒரே நேரத்தில் இருக்கிறார் என்ற பொருளில் 1936இல் எழுத்தாளர் கொலெத் பாராட்டி எழுதினார்.

இந்த மேடை அனுபவத்தில்தான் அவருடைய சினிமா முழுவதற்கும் அடித்தளம் இருக்கிறது. மியூசிக் ஹாலில் கடைசி வரிசைக்காரருக்கு முகபாவம் தெரியாது. தலை முதல் கால் வரை முழு உடம்பும் தெரியும். பின்னாளில் தாத்தி கேமராவை வைத்த தூரமும் ஏறத்தாழ அதுதான். அவர் படங்களில் குளோசப் தேடினால் கிடைப்பது அரிது.

1930களில் சில குறும்படங்களில் நடித்தார். அவற்றில் ஒன்றான 'சுவாஞ் தோன் கோஷ்' (1936) படத்தை இயக்கியவர் பின்னாளில் புகழ்பெற்ற ரெனே கிளெமான். போருக்குப் பிறகு குளோத் ஓத்தான்-லாராவின் இரண்டு படங்களில் சிறு வேடம். தானே இயக்கி நடித்த தபால்காரர் பற்றிய குறும்படம் 'எக்கோல் தே ஃபாக்தர்' 1947இல் வெளிவந்தது. அதை விரித்து எடுத்ததுதான் முதல் முழுநீளப் படமான 'ழூர் த ஃபேத்' (1949).

கே: 'ழூர் த ஃபேத்' படத்தை ஒரு முறை கருப்பு வெள்ளையிலும் ஒரு முறை வண்ணத்திலும் பார்த்தேன். எது அசல்?

ப: நீங்கள் பார்க்காத மூன்றாவது ஒன்றும் இருக்கிறது.

1947இல் மத்திய பிரான்சின் சென்த்-செவேர்-சூர்-ஆந்த்ர் என்ற கிராமத்தில் படப்பிடிப்பு நடந்தது. போர்க்காலத்தில் நண்பர் ஆன்ரி மார்க்கேயோடு அந்தப் பக்கம் ஒதுங்கியிருந்தபோது தாத்திக்குப் பழக்கமான ஊர். படம் தாம்சன்-கலர் என்ற புதிய பிரெஞ்சு முறையில் எடுக்கப்பட்டது. அதில் சுருள் அடிப்படையில் கருப்பு வெள்ளைதான். அதன் பரப்பில் கண்ணுக்குத் தெரியாத அளவுக்கு நுண்ணிய வரிவரியான லென்சுகள் பதிக்கப்பட்டிருக்கும். கேமராவில் சிவப்பு, பச்சை, நீலம் என மூன்று பட்டைகள் கொண்ட வடிகட்டி. ஒவ்வொரு வரிக்குக் கீழும் மூன்று நிறத் தகவல்களும் பக்கம் பக்கமாகப் பதியும், திரும்ப அதே போன்ற வடிகட்டி வழியாக ஒளியைப் பாய்ச்சினால் வண்ணம் கிடைக்கும். சிக்கல், மூலச் சுருளிலிருந்து திரையரங்குக்குப் பிரதி எடுப்பதில் வந்தது. வரிகள் மயிரிழை விலகினாலும் நிறத் தகவல் கலைந்துபோகும். நிறுவனத்தால் பிரதி எடுத்துத் தர முடியவில்லை. நல்லவேளையாக, பக்கத்திலேயே இன்னொரு கேமராவில் சாதாரணக் கருப்பு வெள்ளையிலும் எடுத்து வைத்திருந்தார்கள். 1949இல் திரைக்கு வந்தது அதுதான்.

தாத்தி அதோடு விடவில்லை. 1964இல் படத்தை மறுபடி வெட்டி, ஓர் இளம் ஓவியர் பாத்திரத்தைப் புதிதாகப் படம்பிடித்துச் சேர்த்து, கொடி போன்ற சில பொருட்களுக்கு மட்டும் நிறம் ஏற்றினார். கடைசியாக வந்தது, அவர் மகள் சோஃபி தாத்திஷெஃபும் ஒளிப்பதிவாளர் ஃபிரான்சுவா எத்தும் பழைய தாம்சன்-கலர் சுருளிலிருந்தே மீட்டு 1995இல் வெளியிட்ட வண்ணப் பதிப்பு.

முதல் தடவைக்கு 1949 பதிப்பையே பாருங்கள். படம் தெளிவாக இருக்கிறது. தபால்காரர் ஓடும் லாரியின் பின்பலகையைப் பிடித்துக்கொண்டு, சைக்கிளில் இருந்தபடியே அதன் மேல் கடிதங்களுக்கு முத்திரை குத்தும் இடமெல்லாம் துல்லியமாகத் தெரியும். 1995 பதிப்பின் நிறம் வெளிறித்தான் இருக்கும், பிரதியில் கோளாறு என்று நினைக்க வேண்டாம். ஆனால் இயக்குநர் என்ன திட்டமிட்டார் என்பது அதில்தான் புரியும். கிராமத்துக் கதவுகளுக்குச் சாம்பல் பூசி, ஊராருக்குக் கருத்த உடை போட்டுவிட்டு, திருவிழாக் குதிரை ராட்டினத்தோடுதான் நிறத்தை ஊருக்குள் வரவிடுகிறார். ராட்டினம் போகும்போது நிறமும் கூடவே போய்விடுகிறது. 1964 பதிப்பு ஆராய்ச்சி செய்பவர்களுக்கு.

கே: ஆஸ்கர் வாங்கியிருக்கிறாரா?

ப: 'மோன் ஓங்க்ல்' (1958), சிறந்த பிறமொழிப் படம், 1959 விழாவில். அதே படத்துக்கு கான் விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பரிசும் கிடைத்தது. அமெரிக்கா போனபோது அவர் ஆசைப்பட்டுச் சந்தித்தவர்கள் மௌனப்பட கால நகைச்சுவைக் கலைஞர்களான பஸ்டர் கீட்டன், ஸ்டான் லாரல், மாக் சென்னட்.

கே: யூலோ என்ற பாத்திரத்தின் அந்தத் தொப்பி, பைப், மழைக்கோட்டுக்கு ஏதாவது காரணம் உண்டா? சும்மா ஒரு 'கெட்டப்' தானா?

ப: ஒவ்வொன்றுக்கும் வேலை இருக்கிறது. யூலோ முதலில் வந்தது 'லே வக்கான்ஸ் த முஸ்யே யூலோ' (1953) படத்தில். செந்-நசேர் அருகே செந்-மார்க்-சூர்-மேர் கடற்கரையில் எடுத்தது. இன்றும் அங்கே கடலைப் பார்த்தபடி யூலோவுக்குச் சிலை நிற்கிறது.

தாத்தி ஆறடிக்கு மேல் உயரம். தூரக் காட்சியில் அந்த உயரத்தை ஒரே பார்வையில் அடையாளம் காட்டுவது தொப்பியும் கோட்டும் சேர்ந்த வெளிக்கோடு. கால்சட்டை கணுக்காலுக்கு மேலேயே நின்றுவிடுகிறது. கீழே வரிபோட்ட காலுறை. அதனால் பாதம் எங்கே இருக்கிறது, குதிகாலா நுனிவிரலா என்பது எவ்வளவு தொலைவிலிருந்தும் தெரியும். யூலோவின் நகைச்சுவை பெரும்பாலும் தயக்கத்தில் இருக்கிறது. போவதா வேண்டாமா என்று காலை முன்வைத்து, பின்வாங்கி, திசை மாறித் துள்ளிப்போவார். பாதம் தெரியாவிட்டால் அதில் பாதி போய்விடும். பைப் வாயில் இருப்பதால் பேச வேண்டியதில்லை. பேச முயன்றாலும் முணுமுணுப்புத்தான். உடம்பு சற்றே முன்னால் சாய்ந்திருக்க, கைகள் இடுப்பின் பின்பக்கம் போகும்.

ஆனால் தாத்தியைப் பற்றிச் சொல்ல வேண்டிய முக்கியமான விஷயம் வேறு. இப்படி அங்குலம் அங்குலமாக உருவாக்கிய பாத்திரத்தை, அடுத்தடுத்த படங்களில் அவரே கொஞ்சம் கொஞ்சமாக ஓரம்கட்டினார். 1953 படத்தில் யூலோதான் கலகத்தின் மையம். 'மோன் ஓங்க்ல்' படத்தில் சிறுவன் ழெராரின் தாய்மாமனாக வருகிறார். அங்கே நம் கண் முக்கால்வாசி நேரம் அவன் பெற்றோரான ஆர்ப்பெல் தம்பதியின் நவீன வீட்டில்தான் இருக்கும். 'ப்ளே டைம்' (1967) படத்தில் யூலோ கூட்டத்தில் ஒருவர். அதே கோட்டும் தொப்பியுமாகப் போலி யூலோக்களையும் உலவவிட்டு நம்மை ஏமாற்றுகிறார். நட்சத்திர நடிகர் தன்னைத் தானே கதையிலிருந்து வெளியேற்றுவது வணிக சினிமாவில் தற்கொலைக்குச் சமம். அது அப்படியேதான் முடிந்தது. பணம் பற்றிய கேள்வியில் அதைச் சொல்கிறோம்.

கே: தாத்தி படங்களில் வசனம் இல்லை என்கிறார்கள். அப்படியானால் மௌனப் படம் எடுத்திருக்கலாமே?

ப: எடுத்திருக்கவே முடியாது. அவருடைய பாதி வேடிக்கை காதுக்குள் நடக்கிறது. 'வக்கான்ஸ்' படத்தின் தொடக்கத்தில் ரயில் நிலைய ஒலிபெருக்கி கரகரவென்று ஏதோ சொல்ல, பயணிகள் ஒரு நடைமேடையிலிருந்து இன்னொன்றுக்கு ஓடி ஓடித் திரும்புகிறார்கள். ஒலியை நிறுத்திவிட்டுப் பார்த்தால் அது வெறும் ஓட்டம். ஓட்டல் சாப்பாட்டறைக் கதவு ஒவ்வொரு முறை ஆடும்போதும் தந்தியைச் சுண்டியது போல் ஒரு சத்தம். சீக்கிரமே கதவைப் பார்க்காமலேயே யாரோ போகிறார் என்று நமக்குத் தெரிந்துவிடும்.

அவர் வேலை செய்த விதம் இது. படப்பிடிப்பில் பதிவாகும் ஒலியை நம்புவதில்லை. அதனால் காட்சி நடந்துகொண்டிருக்கும்போதே நடிகர்களுக்கு உரக்க வழி சொல்ல முடிந்தது. படத்தொகுப்புக்குப் பிறகு, காலடி, நாற்காலி, கண்ணாடி, காற்று என ஒவ்வொன்றையும் தனித்தனியாக ஒலிப்பதிவு செய்வார். பிறகுதான் உண்மையான தீர்மானம்: எது கேட்க வேண்டும், எது கேட்கவே கூடாது. நிஜத்தில் ஒரு தெருவில் நூறு சத்தம் இருக்கும். தாத்தியின் தெருவில் மூன்றுதான் இருக்கும், அந்த மூன்றும் நம் கண்ணை ஃபிரேமில் எங்கே கொண்டுபோக வேண்டுமோ அங்கே கொண்டுபோகும். குளோசப் செய்ய வேண்டிய வேலையை ஒலி செய்கிறது.

'ப்ளே டைம்' படத்தில் இரண்டு இடங்களைக் காதில் ஹெட்ஃபோன் மாட்டிக் கேளுங்கள். நீண்ட கண்ணாடித் தாழ்வாரத்தின் மறுமுனையிலிருந்து அதிகாரி ஒருவர் நடந்து வருகிறார். உருவம் சிறு புள்ளியாக இருக்கும்போதே காலடிச் சத்தம் பக்கத்தில் இருப்பதுபோல் கேட்கிறது. யூலோ எழ, வாசலில் இருக்கும் முதியவர் 'இன்னும் நேரம் இருக்கிறது' என்று சைகை காட்டி உட்கார வைக்கிறார். அடுத்தது காத்திருப்பு அறையின் கருப்பு நாற்காலிகள். உட்கார்ந்தால் ஒரு மூச்சு, எழுந்தால் இன்னொன்று.

வசனம் இருக்கவும் இருக்கிறது. பல மொழிகளில், மற்ற ஓசைகளின் அளவுக்கே தணித்து வைத்திருக்கிறார். ஆகவே சப்டைட்டிலைத் தேடி அலைய வேண்டாம். அது கண்ணை ஃபிரேமின் அடிப்பகுதியிலேயே கட்டிப்போட்டுவிடும். இரண்டாவது தடவையாவது அதை அணைத்துவிட்டுப் பாருங்கள்.

கே: ஒரே படத்தால் திவாலானார் என்று படித்தேன். ஆஸ்கர் வாங்கிய இயக்குநருக்கு அப்படி என்ன செலவு?

ப: ஓர் ஊரையே கட்டினார். பாரிசின் தென்கிழக்கில், வேன்சேன் காட்டை ஒட்டிய காலி நிலத்தில் 1964இல் வேலை தொடங்கியது. கண்ணாடி, கான்கிரீட், இரும்பு, பிளாஸ்டிக்கில் கட்டடங்கள். சொந்த மின் நிலையம், சொந்தச் சாலை. இதற்குத் 'தாத்திவில்' என்றே பெயர் விழுந்தது. தூரத்துக் கட்டடங்கள் தண்டவாளத்தில் நகரக்கூடியவை. வேண்டிய கோணத்துக்குத் தள்ளிவைத்துக்கொள்ளலாம். பின்னணியில் நிற்கும் மனிதர்களில் சிலர் ஆள் உயரப் புகைப்பட அட்டைகள்.

வீண் ஆடம்பரம் என்று சொல்லிவிடலாம். ஆனால் காரணம் இருந்தது. ஓடிக்கொண்டிருக்கும் விமான நிலையத்தையோ அலுவலகத்தையோ மாதக்கணக்கில் நிறுத்திவைக்க யார் விடுவார்கள்? அவருக்கு வேண்டிய நகைச்சுவையோ, கட்டடத்தின் ஒவ்வொரு கதவும் எந்த நொடியில் திறக்கிறது என்பதைப் பொறுத்தது.

தவறியது ஓரிடத்தில் அல்ல, பல இடங்களில். கண்ணாடிக் கட்டடத்தில் வானம் பிரதிபலிக்கும். வெளிச்சம் மாறினால் முந்தைய காட்சியோடு ஒட்டாது, காத்திருக்க வேண்டும். புயல் அடித்து செட் சேதமானது. ஒரே ஃபிரேமில் பத்துப் பன்னிரண்டு நிகழ்வுகள் ஓடும்போது, மூலையில் ஒருவர் தவறினாலும் மொத்தமும் மறுபடி. பணம் தீர்ந்து படப்பிடிப்பு நிற்கும், கடன் கிடைத்ததும் தொடரும். நிற்கிற நாளிலும் செட்டுக்குச் செலவு ஓடும். மொத்தச் செலவு ஒன்றரைக் கோடி பிராங்கைத் தாண்டியது. அதற்குத் தன் நிறுவனமான ஸ்பெக்தா-ஃபிலிம், பழைய படங்களின் உரிமை, செந்-ழெர்மென்-ஆன்-லேயில் இருந்த வீடு என்று இருந்ததையெல்லாம் ஈடு வைத்தார்.

1967 டிசம்பர் 16 அன்று பாரிஸ் எம்பயர் அரங்கில் திரையிடல். 70 மி.மீ. சுருள், ஆறு தட ஸ்டீரியோ ஒலி. அந்த வசதி உள்ள அரங்குகளில்தான் ஓட வேண்டும் என்றார், அப்படிப்பட்ட அரங்குகள் எத்தனை இருந்தன? வந்த ரசிகர்களோ யூலோவை எதிர்பார்த்து வந்தவர்கள். அவர் பத்து நிமிடத்துக்கு ஒருமுறை தூரத்தில் தென்பட்டு மறைகிறார். அமெரிக்க விநியோகம் உடனே அமையவில்லை. 1973இல்தான் 35 மி.மீ.க்குச் சுருக்கி, வெட்டியும் அங்கே போனது. ஓட்டத்தின் தொடக்கத்திலேயே தாத்தியும் நீளத்தைக் குறைத்துப் பார்த்தார், பலனில்லை. நிறுவனம் கைவிட்டுப்போனது, வீடு போனது, முந்தைய படங்களின் உரிமையும் கடன்காரர்கள் கைக்குப் போய், 1970களின் பிற்பகுதி வரை அவை சரியாகத் திரைக்கு வரவில்லை. சினிமா மாணவர்களுக்கும் பிறருக்கும் பயன்படட்டும் என்று செட்டை விட்டுவைக்கக் கேட்டார். இடித்துவிட்டார்கள்.

யூலோவை நடுவில் நிறுத்தி ஒரு தொடர்ச்சியை எடுத்திருந்தால் இத்தனையும் நடந்திருக்காது என்பது நிச்சயம். எடுத்திருந்தால் இன்று இந்தப் பக்கத்தை எழுதிக்கொண்டிருக்க மாட்டோம் என்பதும் ஏறக்குறைய நிச்சயம்.

கே: 'ப்ளே டைம்' பார்த்தேன். நேர்மையாகச் சொல்கிறேன், தூக்கம் வந்தது. கதை எங்கே?

ப: கதையைத் தேடினால் தூக்கம்தான் வரும். அமெரிக்கச் சுற்றுலாப் பெண்கள் பாரிசுக்கு வருகிறார்கள், ஒரு பகலும் இரவும் கழிகிறது, கிளம்புகிறார்கள். யூலோ ஓர் அதிகாரியைச் சந்திக்க அலைகிறார். அவ்வளவுதான். (அந்தப் பெண்களில் பலர் பாரிஸ் அருகே இருந்த அமெரிக்கப் படை அதிகாரிகளின் மனைவியர், தொழில்முறை நடிகைகள் அல்ல.)

ஃபோனில் பார்த்திருந்தால் அதுவே பாதிக் காரணம். 70 மி.மீ.க்காகப் போட்ட ஃபிரேம் அது, மூலையில் விரல் நக அளவில் ஒரு வேடிக்கை நடக்கும். கிடைக்கிற பெரிய திரையில் பாருங்கள். இல்லாவிட்டால், படத்தின் பிற்பாதியில் சுமார் 45 நிமிடம் ஓடும் 'ராயல் கார்டன்' உணவகக் காட்சியை மட்டும் தனியாகப் பாருங்கள். கட்டட வேலை முடியாமலேயே திறப்பு விழா வைத்துவிடுகிறார்கள். ஒரு தடவைக்கு ஒரு பொருளை மட்டும் தொடருங்கள்.

மீன்: வாடிக்கையாளர் முன் கொண்டுவந்து வைத்த மீனுக்கு ஒரு பரிமாறுபவர் உப்பும் மிளகும் தூவிவிட்டுப் போவார், அடுத்தவர் வந்து மறுபடி தூவுவார். உரியவர் தட்டுக்கு அது போய்ச் சேருகிறதா என்று பாருங்கள். நாற்காலி: முதுகுச் சாய்மானத்தில் இருக்கும் கிரீட வடிவம் உட்கார்ந்தவர்கள் முதுகில் அச்சாகப் பதிந்துவிடுகிறது. கதவு: கண்ணாடி நொறுங்கிவிடுகிறது, காவலாளி கையில் மிஞ்சிய கைப்பிடியை மட்டும் பிடித்துக்கொண்டு, இல்லாத கதவைத் திறந்து மூடி விருந்தினரை வரவேற்கிறார். கால்சட்டை கிழிந்த பரிமாறுபவர்: அவரைக் கண்ணில் படாமல் வெளியே நிறுத்திவிடுகிறார்கள். ஷூ, டை, கோட்டு என்று யாருக்கு எது கெட்டாலும் அவரிடம் வந்து மாற்றிக்கொண்டு போகிறார்கள். கடைசியில் அவர் கோலத்தைப் பாருங்கள்.

இன்னொன்று. முதல் ஒரு மணி நேரம் எல்லோரும் நேர்கோட்டில் நடந்து செங்குத்தாகத் திரும்புவார்கள், நிறமெல்லாம் சாம்பல். உணவகக் கூரை அலங்காரம் இடிந்து விழுந்த பிறகு நடை வளையத் தொடங்கும், நிறம் ஏறும். மறுநாள் காலை வட்டச் சாலையில் கார்கள் ராட்டினமாகவே சுற்றும். 'ழூர் த ஃபேத்' ஊருக்குள் வந்த அதே ராட்டினம் என்று எடுத்துக்கொண்டாலும் தவறில்லை.

இதற்குப் பிறகும் பிடிக்கவில்லை என்றால் விட்டுவிடுங்கள், குற்றமில்லை. 'வக்கான்ஸ்' பாருங்கள்.

கே: எந்த வரிசையில் பார்ப்பது? 'வக்கான்ஸ்' படத்திலும் பல பதிப்புகளா?

ப: ஆமாம், அவருக்குக் கை சும்மா இருக்காது. 1953இல் வந்ததைப் பிறகு இரண்டு முறை திருத்தினார். 1978இல் புதிதாக ஒரு துண்டு எடுத்துச் சேர்த்தார்: யூலோவின் மடங்கிய படகு சுறாவின் வாய்போல் திறந்து மூட, கடற்கரையே மிரண்டு ஓடுகிறது. சில ஆண்டுகளுக்கு முன் உலகையே மிரட்டிய அமெரிக்கச் சுறாப் படத்துக்கு அது பதில். இன்று பரவலாகக் கிடைப்பது இந்தப் பதிப்புத்தான், சுமார் 88 நிமிடம்.

வரிசை: 'வக்கான்ஸ்', 'மோன் ஓங்க்ல்', 'ப்ளே டைம்' (மீட்டெடுத்த பதிப்பு, சுமார் 124 நிமிடம்). பிறகு 'ழூர் த ஃபேத்'. 'மோன் ஓங்க்ல்' படத்துக்கு ஆங்கிலப் பதிப்பு ஒன்றும் கூடவே எடுக்கப்பட்டது. முதலில் பிரெஞ்சையே பாருங்கள். 'ப்ளே டைம்' செட்டிலேயே எடுத்த 'கூர் து சுவார்' (1967) என்ற குறும்படத்தையும் தவறவிடாதீர்கள். நிக்கோலா ரிபோவ்ஸ்கி இயக்கியது. சிகரெட் பிடிப்பது, படியில் இடறுவது என்று தாத்தி ஒரு வகுப்புக்கு நடிப்புச் சொல்லித்தருகிறார்.

கே: குறும்படம் எடுக்கிறேன், நானே நடிக்கிறேன். தாத்தியிடம் கற்றுக்கொள்ளக்கூடியது என்ன?

ப: பெரிய செட் வேண்டாம். முறை மட்டும் போதும்.

முதலில் ஃபிரேமைப் பூட்டுங்கள். உங்கள் உயரத்தில் ஒருவரை உங்கள் இடத்தில் நிறுத்தி, நீங்கள் கேமராவுக்குப் பின்னால் இருந்து அசைவு முழுவதையும் பாருங்கள். எங்கே வெளியே போகிறார், எங்கே மறைகிறார் என்பதைத் தீர்மானித்த பிறகே அவர் இடத்துக்குப் போங்கள். கேமரா அசையாமல் இருந்தால், நடித்துக்கொண்டிருக்கும்போதே ஃபிரேமின் எல்லை உங்களுக்கு மனத்தில் இருக்கும்.

இரண்டாவது, எல்லோருடைய வேடத்தையும் நீங்களே ஒருமுறை செய்து காட்டுங்கள். தாத்தி அப்படித்தான் செய்தார். விளக்கிச் சொல்லமாட்டார், நடந்து காட்டுவார். இதில் ஓர் ஆபத்தும் உண்டு: எல்லோரும் உங்களைப் போலவே நடக்கத் தொடங்குவார்கள். தொழில்முறை அல்லாதவர்களை, அந்தந்த வேலையோ குணமோ உடம்பில் ஊறியவர்களைத் தேடிப்பிடித்து, அவர்கள் இயல்பாகச் செய்வதைச் சற்றே பெரிதாக்கி நடித்துக் காட்டினால் இந்த ஆபத்து குறையும்.

மூன்றாவது, வேடிக்கையைப் பாதியில் வெட்டாதீர்கள். 'வக்கான்ஸ்' படத்தில் யூலோ படகுக்குப் பெயின்ட் அடிக்கிறார். பெயின்ட் டப்பாவை அலை இழுத்துப்போகிறது, அவர் திரும்பாமலேயே தூரிகையை நீட்டும் நொடியில் அதே டப்பா மறுபக்கமாக வந்து நிற்கிறது. ஒரே ஷாட்டில் பார்ப்பதால்தான் சிரிப்பு. டப்பாவுக்கு ஒரு குளோசப், முகத்துக்கு ஒரு குளோசப் என்று வெட்டினால் அது வெறும் ஏற்பாடாகத் தெரிந்துவிடும்.

இப்போது மானிட்டர் இருக்கிறது. ஒவ்வொரு டேக்குக்கும் ஓடிப்போய் உங்கள் முகத்தைப் பார்க்கும் ஆசை வரும். பார்க்கிறவர் தன் நடிப்பைத்தான் பார்ப்பார், பின்னால் இருக்கும் நால்வரைப் பார்க்கமாட்டார். தனக்குப் பிடித்த டேக்கை வைத்துக்கொள்வார், காட்சிக்கு நல்லதை விட்டுவிடுவார். நம்பிக்கையான ஒருவரிடம் அந்த நால்வரை மட்டும் பார்க்கச் சொல்லிவிடுங்கள்.

கே: திவாலான பிறகு என்ன செய்தார்?

ப: 'த்ராஃபிக்' (1971). இதில் யூலோ மறுபடி முன்னால் வருகிறார். பணம் போடுகிறவர்களுக்கு யூலோ தேவைப்பட்டார், தாத்திக்குப் பணம் தேவைப்பட்டது. ஒரு சின்ன நிறுவனத்தின் முகாம் காரை (உள்ளேயே தங்கும் வசதி கொண்ட வண்டி) ஆம்ஸ்டர்டாம் கண்காட்சிக்குக் கொண்டுபோகும் பயணம். தொடக்கத்தில் நெதர்லாந்து இயக்குநர் பெர்ட் ஹான்ஸ்ட்ரா கூட்டாக வேலை செய்தார், ஒத்துவராமல் விலகினார். படம் சமனாக இல்லை. ஆனாலும் சாலை விபத்துக்குப் பிறகு ஃபோக்ஸ்வாகன் ஒன்று முன்மூடியை வாயாகத் திறந்து மூடியபடி உருளும் சக்கரத்தைத் துரத்தும் இடமும், மழையில் வைப்பர்கள் காரோட்டியின் சுபாவத்தை அப்படியே காட்டும் இடமும் பழைய தாத்தி.

கடைசி 'பராத்' (1974), ஸ்வீடன் தொலைக்காட்சிக்காக, பெரும்பகுதி வீடியோவில். யூலோ இல்லை. சர்க்கஸ் அரங்கில் தாத்தி தாத்தியாகவே வந்து, நாற்பது வருடத்துக்கு முந்தைய கோல் கீப்பரையும் டென்னிஸ் வீரரையும் குதிரையையும் செய்து காட்டுகிறார். 1977இல் பிரெஞ்சு சினிமாவுக்கான சேசார் விருதில் கௌரவ விருது. 'கன்ஃப்யூஷன்' என்ற திரைக்கதையை எழுதிக்கொண்டிருந்தார், எடுக்கவில்லை. 1982 நவம்பரில் பாரிசில் இறந்தார். அவர் எழுதி எடுக்காமல் வைத்திருந்த இன்னொரு திரைக்கதையைச் சில்வேன் ஷோமே 2010இல் 'லில்யூசியோனிஸ்த்' என்ற அனிமேஷன் படமாக்கினார். அதில் வரும் மந்திரவாதியின் பெயர் தாத்திஷெஃப்.

கே: தாத்தியின் வழியில் நடித்து இயக்கிய வேறு பிரெஞ்சுக்காரர் யார்?

ப: முன்னால் மாக்ஸ் லாண்டேர். 1910களிலேயே பாத்தே நிறுவனத்துக்காகத் தன் படங்களைத் தானே எழுதி, இயக்கி, நடித்தவர். பின்னால் பியேர் எத்தே. 'மோன் ஓங்க்ல்' படத்தில் தாத்தியிடம் உதவியாளர், நல்ல ஓவியர், சர்க்கஸ் கோமாளி. ழான்-குளோத் காரியேருடன் சேர்ந்து எழுதி எடுத்த குறும்படம் 'ஹெரோ அனிவெர்செர்' 1963இல் ஆஸ்கர் வாங்கியது. முழுநீளப் படங்களில் 'யோயோ' (1965) முதலில் பாருங்கள். உரிமைச் சிக்கலால் அவர் படங்கள் இருபது ஆண்டுகள்போல் முடங்கிக் கிடந்தன, 2010இல்தான் மீட்டெடுக்கப்பட்டுத் திரும்பின. தாத்தியைப் போல் எத்தே தன்னை ஒளித்துக்கொள்ளவில்லை. முகத்தையும் நெருக்கக் காட்சியையும் தாராளமாகப் பயன்படுத்துகிறார். அதனால் புதிதாகப் பார்ப்பவருக்கு எத்தே எளிது.

கே: ஃபிரான்சுவா த்ரூஃபோவின் ஒரு படத்தில் யூலோ மெட்ரோ நிலையத்தில் நிற்பதைப் பார்த்தேன். தாத்தி அதில் நடித்தாரா?

ப: 'தொமிசில் கோன்ழுகால்' (1970) படத்தில் வருவது தாத்தி அல்ல, அவரைப்போல் வேடமிட்டவர். ரயிலில் ஏறத் தயங்கும் அந்தக் காலைப் பார்த்து ஏமாந்தவர்கள் நிறைய.